சுபுஹுக்குப் பின் போன் சொல்லும் செய்தி

இல்லை, பஸ் வரும் நேரம் பார்ப்பதற்கு மட்டும் இல்லை. போனை எதற்குப் பயன்படுத்துகிறேன் என்று நீ கேட்டபோது அன்றைக்கு அப்படித்தான் சொன்னேன். பஸ் நேரம், வாட்ஸ்அப், தொழுகை நேரம், எப்போதாவது ஒரு சமையல் வீடியோ. நீ மடிக்கணினியில் தட்டிக்கொண்டே தலையாட்டினாய். நமக்கு நடுவில் சோற்றுக்கு ஊற்ற வைத்த மீன் ஆணம் ஆறிக்கொண்டிருந்தது.

"உம்மா, இது என் வேலைக்கு பிராக்டிஸ்தான். ஆனா உண்மையா சொல்லணும்."

"உண்மையாத்தான் சொல்றேன்."

"போன் ஒரு நாள் இல்லாம போச்சுன்னா என்ன செய்வீங்க?"

"நிம்மதியாத் தூங்குவேன்."

நீ சிரித்தாய். அதையும் குறித்துக்கொண்டாய். அந்தக் கேள்விக்குத்தான் இப்போது பதில் எழுதுகிறேன், இர்ஃபான். பேனாவால் எழுதுகிறேன். திரையில் எழுதினால் அடுத்த சொல்லை அதுவே எடுத்து நீட்டுகிறது. எந்தச் சொல் எனக்கு வந்தது, எந்தச் சொல் அதற்கு வந்தது என்று தெரியாமல் போகிறது. இந்தக் கடிதத்தில் அது எனக்குத் தெரிந்தாக வேண்டும்.

உன் வேலை என்ன என்று யாராவது கேட்டால், ஊர் ஊராகப் போய், ஜனங்கள் போனை எப்படிப் பயன்படுத்துகிறார்கள் என்று பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பான் என்பேன். அதுக்கெல்லாம் சம்பளமா என்பார்கள். நீ திரும்பி வரும்போதெல்லாம் கதை கொண்டுவருவாய். ஜகார்த்தாவில் ஒரு மோட்டார் சைக்கிள்காரர் போனை ரப்பர் பேண்டால் மணிக்கட்டில் கட்டியிருந்ததைச் சொன்னாய். ஒசாகாவில் ரயிலுக்குள் யாரும் போனில் பேசுவதில்லை, தவறிப்போய் மணி அடித்துவிட்டால் பெட்டி முழுவதற்கும் தலை குனிகிறார்கள் என்றாய். நைரோபியில் கீரை விற்கும் பெண் காசைக் கையால் தொடுவதே இல்லை, எல்லாம் போன் வழியாகவே வந்து போகிறது. சாவ் பாவ்லோவில் எழுதச் சோம்பல்பட்டு எல்லாரும் குரலை அனுப்புகிறார்கள். கேட்கிறவர்கள் இரட்டை வேகத்தில் ஓடவிட்டுக் கேட்கிறார்கள். "அம்மாவோட குரலையுமா?" என்று கேட்டேன். "அம்மாவோடதத்தான் முதல்ல" என்றாய். இருவரும் சிரித்தோம். அதற்குப் பிறகு உனக்குக் குரல் அனுப்பும்போதெல்லாம் நான் மெதுவாகப் பேச ஆரம்பித்தேன். நீ கவனித்தாயா, தெரியாது.

அடுத்த மாதம் நைரோபிக்கே போகிறாய். இரண்டு வருடம். உன் அறையில் பெட்டி திறந்து கிடக்கிறது. இதைப் படித்தால் நீ அதை மூடி அலமாரியின் மேல் ஏற்றிவிடுவாய் என்று பயமாக இருக்கிறது. படிக்காமல் நீ போய்விட்டால் என்ன ஆகும் என்பதும் பயமாக இருக்கிறது. இந்த இரண்டு பயத்துக்கும் நடுவில் சில மாதங்களாக உனக்குச் சோறு போட்டுக்கொண்டிருக்கிறேன்.

எனக்கும் ஓர் உலகம் தெரியும். போய்ப் பார்த்ததில்லை. சாங்கி விமான நிலையத்தில், பயணிகள் தவறவிட்ட பொருட்களைத் திருப்பிக் கொடுக்கும் எங்கள் முகப்புக்கு அது தானாகவே வந்து சேருகிறது. குடை, கழுத்துத் தலையணை, ஒற்றைக் காதணி, பால் புட்டி. எல்லாவற்றையும்விட அதிகம் போன்கள். விரிசல் விட்டவை, பளபளப்பானவை, உறைக்குள் குழந்தையின் படத்தைச் செருகி வைத்தவை. அலமாரியில் வரிசையாகப் படுத்திருக்கும். பிற்பகல் மூன்று மணிக்கு எங்கள் அலமாரியில் யாரோ ஒருவருடைய விடியற்காலை அடிக்கும். எங்கேயோ ஒருவர் மாத்திரை போட வேண்டிய நேரம். எங்கேயோ தொழுகை. திரையில் பெயர்கள் மின்னும், எனக்குப் படிக்கத் தெரியாத எழுத்துகளில். ஆனாலும் அம்மாக்களை அடையாளம் தெரிந்துவிடும். விடாமல் அடிப்பார்கள்.

போனைத் தேடி வருகிறவர்களிடம் சில கேள்விகள் கேட்டுவிட்டுத்தான் கொடுப்போம். போன் திரையின் முகப்புப் படம் என்ன, கடைசியாக யாரோடு பேசினீர்கள், உங்கள் எண் என்ன. எண்ணில்தான் எல்லாரும் தடுக்கி விழுவார்கள். ஒருமுறை என் வயது இருக்கும் ஒருவர் வந்து நின்றார். கோட்டு, நல்ல காலணி. தன் எண் தெரியாது. மனைவியின் எண் தெரியாது. தங்கியிருக்கும் ஹோட்டலின் பெயர் தெரியாது, அது போனில் இருக்கிறது என்றார். மனைவி அங்கே காத்திருக்கிறாள், அவளுக்கு எப்படிச் சொல்வது என்று எங்களைக் கேட்டார். அவர் போன் இன்னும் எங்களுக்கு வந்திருக்கவில்லை. மனிதர் அழுதுவிட்டார். பக்கத்து நாற்காலி சரோஜாதான் தண்ணீர் வாங்கிக் கொடுத்தாள். உனக்குத் தெரியும், தீபாவளிக்கு முறுக்கு கொடுத்து அனுப்புவாளே, அவள்.

"எல்லாருக்கும் மூளை பாக்கெட்லதான்க்கா இருக்கு. தொலைச்சிட்டா இங்க வந்து நிக்கிறாங்க" என்றாள்.

சிரித்தேன். சிரித்துக்கொண்டே, சும்மா, உன் எண்ணை மனத்துக்குள் சொல்லிப் பார்த்தேன். பாதிவரை வந்தது. அதற்கு மேல் வழுவழுப்பான சுவர்.

நீ சின்னப் பிள்ளையாக இருந்தபோது நம் வீட்டுத் தொலைபேசி எண்ணை உன்னைக் குளிப்பாட்டும்போது பாட்டாகச் சொல்லிக் கொடுத்தேன். சிராங்கூன் சாலையில் அந்தப் பெரிய கடையில், பெருநாளைக்கு முந்தைய கூட்டத்தில், உன்னைத் தொலைத்துவிட்டேன். உன் வாப்பா மேல்மாடிக்கு ஓடினார், நான் வாசலுக்கு ஓடினேன். கடைசியில் துணிப் பிரிவில் ஒரு காவலாளியின் மடியில் உட்கார்ந்து நீ அந்த எண்ணைப் பாடிக்கொண்டிருந்தாய். அவர் பஞ்சாபி. பாட்டு புரியாமல், திரும்பத் திரும்பப் பாடச் சொல்லி ஒவ்வோர் எண்ணாக எழுதிக்கொண்டிருந்தார். அந்த எண் எனக்கு இன்னும் தெரியும். இப்போது அதை அழைத்தால் எடுக்க ஆள் இல்லை. வாப்பாவும் இல்லை. உன்னுடைய எண்தான் தெரியவில்லை.

சரோஜாவிடம் கேட்டேன். "உன் பொண்ணு நம்பர் மனப்பாடமாத் தெரியுமா?"

"என் நம்பரே தெரியாதுலா. ஃபார்ம் நிரப்புறப்ப செட்டிங்ஸ்ல போய்த்தான் பாக்குறேன்."

நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதியிலேயே ஒரு வருடம் போய்விட்டது.

இதைத்தான் நீ புரிந்துகொள்ள வேண்டும், இர்ஃபான். எல்லாரும் மறக்கிற காலத்தில் எனக்கு இது வந்திருக்கிறது. ஒளிந்துகொள்ள இதைவிட வசதியான காலம் கிடையாது. வழி தெரியாமல் தெருவில் நின்று போனைத் திருப்பித் திருப்பிப் பார்க்கும் ஒருத்தியை இந்த ஊரில் யார் இரண்டாம் முறை பார்ப்பார்கள்? எல்லாரும் அப்படித்தான் நிற்கிறார்கள். பிறந்தநாளைப் போன் சொல்லித்தான் எல்லாரும் வாழ்த்துகிறார்கள். தேதியைக் கேட்டால் எல்லாருடைய கையும் பைக்குப் போகிறது. என் கையும் போகிறது. அவர்கள் தெரிந்ததைச் சரிபார்க்கிறார்கள். நான் முதல் தடவையாகத் தெரிந்துகொள்கிறேன். வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒரே அசைவு.

வீட்டை விட்டு இறங்குமுன் அடுப்பைப் படம் எடுக்கிறேன். லிஃப்டில் சந்தேகம் வந்தால் பார்த்துக்கொள்ளலாம். ஒருநாள் நீ என் போனில் எதையோ தேடும்போது அணைந்த அடுப்புகளின் படங்களாக வரிசையாக வந்தன. "என்ன உம்மா, ஆர்ட் எக்சிபிஷன் வைக்கப்போறீங்களா?" என்றாய். ஆமாம் என்றேன். சென்ற மாதம் பெரிய மாமா வீட்டு நிக்காஹில் எல்லாரையும் நான் படம் எடுத்துக்கொண்டே இருந்தது உனக்கு எரிச்சலாக இருந்தது. கழிவறைக்குள் போய், அந்தப் படங்களைக் குடும்பக் குழுவின் பழைய படங்களோடு ஒப்பிட்டு, யார் யார் என்று பார்த்துவிட்டு வெளியே வந்து பெயர் சொல்லி விசாரித்தேன். "உம்மாவுக்கு என்ன ஞாபகசக்தி" என்று மணப்பெண்ணின் சாச்சி சொன்னார். நீயும் பக்கத்தில் நின்றாய். பெருமையாகச் சிரித்தாய்.

முகப்பில் ஒரு பெண்ணிடம் முகப்புப் படம் என்ன என்று கேட்டேன். பூனை என்றாள். அலமாரிக்குப் போய் எடுத்துவந்தேன். உட்கார்ந்து, முகப்புப் படம் என்ன என்று கேட்டேன். இப்போதுதானே சொன்னேன் என்றாள். கோபம்கூட இல்லை, வியப்புதான். சரோஜா சட்டென்று நடுவில் புகுந்து, "டபுள் செக் மேடம், எங்க வழக்கம்" என்றாள். அந்தப் பெண் போன பிறகு என்னைப் பார்த்தாள். "நோன்பு வர்றதுக்கு முன்னாடியே நோன்பாக்கா? தண்ணி குடிங்க." தண்ணீர் குடித்தேன். அவள் அன்று முழுவதும் எனக்கு வேடிக்கைக் கதைகளாகச் சொன்னாள். அவள் அவ்வளவு பேசினால் பயந்திருக்கிறாள் என்று அர்த்தம்.

பிறகு ஒரு சனிக்கிழமை. லிட்டில் இந்தியா ரயில் நிலையத்திலிருந்து மேலே வந்தேன். பட்டப்பகல். மல்லிகைக் கடை, வெற்றிலை, ஏதோ ஒரு கடையில் பழைய பாட்டு. ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம்கூட இல்லை. தேக்கா சந்தைக்கு மேலேயே நம் வீடு, நீ பிறந்ததிலிருந்து அங்கேதான் இருக்கிறோம். அந்தச் சாலையில் நின்றேன். சாலை எனக்குத் தெரிந்த சாலையாகத்தான் இருந்தது. வீடு எந்தப் பக்கம் என்பது மட்டும் இல்லை. மறந்தது என்று சொல்ல வரவில்லை. மறந்தால் எதையோ தேடுகிற உணர்வு இருக்குமே, அதுகூட இல்லை. ஒரு பக்கம் மட்டும் வெட்டி எடுத்ததுபோல். போனைத் திறந்து 'வீடு' என்று இருந்ததைத் தொட்டேன். நீதான் ஒருமுறை பதிந்து கொடுத்தது. நீலப் புள்ளி வந்தது. நான்கு நிமிட நடை என்றது. குரல் கேட்டால் யாருக்காவது தெரிந்துவிடும் என்று ஒலியை அணைத்துவிட்டு, என் வீட்டுக்கு அந்தப் புள்ளியைப் பின்தொடர்ந்து போனேன். வழியில் பூக்கார அக்கா, "என்ன, போனைப் பாத்துக்கிட்டே நடக்குறீங்க, விழுந்துடப் போறீங்க" என்றார். பெரிய நகைச்சுவை கேட்டதுபோலச் சிரித்தேன். வீட்டுக்கு வந்து, செருப்பைக் கழற்றாமல் சமையலறைத் தரையில் உட்கார்ந்திருந்தேன்.

இது வரைக்கும்கூட உன்னிடம் சொல்லாமல் இருந்திருப்பேன்.

நம் ஆட்கள் போனில் பெயர் பதியும் விதம் உனக்கு எப்போதும் சிரிப்பு. மூத்தவர்களைப் பேர் சொல்லிக் கூப்பிடும் பழக்கம் இல்லை, அதனால் போனிலும் பேர் இல்லை. உறவும் இடமும்தான். தெம்பனிஸ் நானா. பிடோக் மாமி. சுவா சூ காங் லாத்தா. சுவா சூ காங் மருமகள். லாத்தா மவுத்தாகி இரண்டு வருடம் ஆகிறது. மய்யித்தைக் குளிப்பாட்டியவர்களில் நானும் ஒருத்தி. அவள் கூந்தலை மூன்றாகப் பிரித்துப் பின்னியது என் கை. எண்ணை மட்டும் அழிக்கவில்லை. அழிக்கிற பொத்தானைத் தொட்டால், உறுதியாகத்தான் சொல்கிறீர்களா என்று அது கேட்கிறது. அந்தக் கேள்விக்கு ஆம் என்று சொல்ல என்னால் முடியவில்லை. உன் பெரியம்மாவை உனக்குத் தெரியும், உன்னை அழிக்கிறேன் என்று அவளிடம் யாரும் சொல்ல முடியாது.

இரண்டு மாதத்துக்கு முன் ஒரு மாலை. ஆணத்துக்குத் தேங்காய்ப்பால் எப்போது ஊற்றுவது என்று ஒரு சந்தேகம் வந்தது. கூப்பிட்டேன். ஒரு பெண் எடுத்தாள். இளம் குரல்.

"லாத்தா இல்லையா? நீ யாரும்மா?"

ஒரு பெருமூச்சு. பின்னால் பஸ் சத்தம். "ஆன்ட்டி, திரும்பவுமா? ராங் நம்பர்லா."

"இது சுவா சூ காங் லாத்தா நம்பர். அவங்ககிட்டக் குடும்மா. நான் தங்கச்சி பேசுறேன்."

"தெரியும் ஆன்ட்டி." பக்கத்தில் யாரிடமோ வெய்ட், வெய்ட் என்றாள். குரல் தணிந்தது. "நான் சொன்னா கோச்சுக்காதீங்க. இந்த நம்பர் இப்ப என்னோடது. உங்க சிஸ்டர் இறந்துட்டாங்கன்னு நீங்கதான் என்கிட்ட சொன்னீங்க. போன வாரம். அழுதீங்க. நான் ஸ்டாப்ல நின்னு கேட்டுக்கிட்டே பஸ்ஸ விட்டுட்டேன்."

போனை மற்றக் காதுக்கு மாற்றிக்கொண்டேன்.

"அதுக்கு முன்னாடியும் கூப்பிட்டிருக்கீங்க. அதான் சேவ் பண்ணி வச்சிருக்கேன். லாத்தா ஆன்ட்டின்னு. லாத்தான்னா என்னன்னே எனக்குத் தெரியாது, என் ஃப்ரெண்டுதான் அக்கான்னு சொன்னா."

"மன்னிச்சிக்கம்மா. மருமகளைக் கூப்பிட்டேன், கை தவறிப் பட்டிருக்கும்."

"ம். ஓகே ஆன்ட்டி." அவள் நம்பவில்லை. "வீட்ல யாராச்சும் இருக்காங்களா?"

"மகன் இருக்கான்."

"அவருக்குத் தெரியுமா?"

வைத்துவிட்டேன். அடுப்பில் ஆணம் திரிந்துபோயிருந்தது. அதைக் கொட்டிவிட்டு உனக்கு முட்டை பொரித்தேன். நீ வந்து, "என்ன உம்மா, இன்னைக்கு சிம்பிளா?" என்று கேட்டுவிட்டுச் சாப்பிட்டாய்.

யாரென்றே தெரியாத ஒரு பெண்ணிடம் நான் அழுதிருக்கிறேன். என்ன சொல்லி அழுதேன் என்று அவளுக்குத் தெரியும். எனக்குத் தெரியாது. என்னுடைய ஒரு மாலைப்பொழுது சுவா சூ காங்கிலோ வேறெங்கோ ஒரு பஸ்ஸில், வேறொருத்தியின் நினைவில் இருக்கிறது. நான் திரும்பிப் போய்க் கேட்டு வாங்க முடியாது. எங்கள் முகப்பு மாதிரி ஒரு முகப்பு அதற்குக் கிடையாது.

மறுநாள் போனில் ஒரு நினைவூட்டல் வைத்தேன். தினமும் விடியற்காலைச் சுபுஹுத் தொழுகை முடியும் நேரத்துக்கு. 'லாத்தா மவுத். கூப்பிடாதே.' இவ்வளவுதான் வாசகம். எழுதும்போது கெட்டிக்காரத்தனமாகத் தோன்றியது. பெரும்பாலான நாட்களில் தொழுத முசல்லா விரிப்பை மடித்துக்கொண்டே அதைப் பார்த்து, தெரியும் என்று சொல்லி அணைத்துவிடுவேன். ஆனால் போன வாரம் ஒருநாள் எனக்குத் தெரியவில்லை. அன்று காலை அது செய்தியாகவே வந்தது. போன் அதிர்ந்தது, எடுத்தேன், லாத்தா மவுத் என்று இருந்தது. யார் அனுப்பியது என்று பார்க்கத் தோன்றவில்லை. முசல்லாவிலேயே உட்கார்ந்துவிட்டேன். நேற்றுப் பேசினாளே என்று நினைத்தேன். நேற்று என்ன பேசினாள் என்பதுகூட நினைவில் இருந்தது. உன்னை எழுப்பலாம் என்று வந்து, உன் கதவுக்கு முன்னால் நின்று, இவனுக்கு எப்படிச் சொல்வது என்று வார்த்தை தேடிக்கொண்டிருந்தபோதுதான், கூப்பிடாதே என்ற சொல் உறுத்தியது. மவுத் செய்தி அனுப்புகிறவர் யாரும் அப்படி எழுதமாட்டார்கள். நானே எழுதியது. இரண்டு வருடத் துக்கம் அந்த ஒரு நிமிடத்தில் முதலிலிருந்து தொடங்கி, பாதியில் நின்று, வெட்கமாக மாறியது.

அதற்குப் பிறகு அந்த நினைவூட்டலை எடுத்துவிடலாமா என்று யோசித்தேன். எடுத்தால் அந்தப் பெண்ணைக் கூப்பிடுவேன். வைத்திருந்தால் சில காலைகளில் என் அக்கா மறுபடி சாவாள். எது குறைந்த கொடுமை என்று எனக்குத் தெரியவில்லை. இப்படி ஒரு கேள்வியை மனிதர்களுக்கு முன்னால் யாரும் வைத்ததாகவும் தெரியவில்லை. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். அன்று, அதே நினைவூட்டலில், அடுத்த வரி ஒன்றை எழுதத் தொடங்கினேன். 'அடுத்த அறையில் இருப்பவன்' என்பதுவரை எழுதி அழித்துவிட்டேன். அதை எழுத வேண்டிய நாள் வரும் என்று ஒத்துக்கொண்டதாகிவிடும்.

சரோஜாவின் அம்மா ஈசூனில் தனியாக இருக்கிறார். அங்கே கூரையில் சரோஜா ஒரு கேமரா வைத்திருக்கிறாள். இடைவேளையில் சோற்றுப் பொட்டலத்தைப் பிரித்துக்கொண்டே போனில் அம்மாவைப் பார்ப்பாள். "பாருங்கக்கா, மறுபடியும் டீ போடுறாங்க." ஒரு பொத்தானை அழுத்தினாள். "அம்மா, அடுப்ப அணைங்க." சின்னத் திரையில் அந்த அம்மா திடுக்கிட்டு, முதலில் கதவைப் பார்த்தார், பிறகு ஜன்னலை, பிறகு மேலே.

"யாரு?"

"நான்தாம்மா, சரோ."

"எங்க இருக்க?"

"வேலைலமா."

"அப்ப ஏன் மேலேர்ந்து பேசுற?"

சரோஜா சிரித்தாள். நானும் சிரித்தேன். பிறகு எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு, கண்ணாடிக்கு முன் வெகுநேரம் நின்றேன். சரோஜா கெட்ட மகள் இல்லை. தினமும் வேலை முடிந்து ஈசூனுக்குப் போய்த்தான் வீட்டுக்குப் போகிறாள். நீயும் நல்ல பிள்ளை. அதுதான் எனக்குப் பயம். நைரோபியில் ஐந்து மணிநேரம் பின்னால் இருந்துகொண்டு, வேறு யாருடைய போனையோ கவனித்துக்கொண்டிருக்கும்போது நடுவில் என்னைத் திறந்து பார்ப்பாய். உம்மா நடக்கிறார், உம்மா உட்கார்ந்திருக்கிறார். எனக்கு நீ கூரையிலிருந்து வரும் ஒரு குரலாகிவிடுவாய். உன் குரல் எனக்கு அடையாளம் தெரியாத நாளில் அந்தக் கூரையை நான் என்னவென்று நினைப்பேன்?

பாலிகிளினிக்குக்குப் போனேன். உனக்குச் சொல்லவில்லை. டாக்டர் சின்னப் பெண், சீனப் பெண். இன்றைக்கு என்ன தேதி என்று கேட்டாள். என் கை பைக்குள் போய்விட்டது. போனை மேசையில் வைத்துவிடலாமா என்று மென்மையாகக் கேட்டாள். எல்லாருமே இப்படித்தான் செய்கிறார்கள், கவலைப்படாதீர்கள் என்றும் சொன்னாள். வைத்தேன். அதற்கடுத்து அவள் கேட்டவற்றுக்கெல்லாம் என்ன சொன்னேன் என்று உனக்கு எழுத விரும்பவில்லை. மருத்துவமனைக்கு எழுதிக் கொடுத்திருக்கிறாள். வியாழக்கிழமை காலை. என்னை நன்றாகத் தெரிந்த ஒருவரை அழைத்துவர வேண்டுமாம். நான் சொல்வது சரியா என்று அவரிடம் கேட்பார்களாம். இது இன்னும் எதுவாகவும் இருக்கலாம், வைட்டமின் குறைவாகக்கூட இருக்கலாம் என்றாள். அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு இரண்டு நாள் ஓட்டினேன்.

உனக்குப் புத்தி சொல்லும் நிலையில் நான் இல்லை. இருந்தாலும் அம்மாக்கள் கடிதம் எழுதினால் சொல்லாமல் விடமாட்டார்கள். நீ எந்த ஊருக்குப் போனாலும், எதிரில் உட்காருகிறவளிடம் போனை எதற்குப் பயன்படுத்துகிறாய் என்று கேட்டுவிட்டு உடனே எழுதிக்கொள்ளாதே. சிரிக்கிற பதில் வந்தால், அதை எழுதாமல் கொஞ்ச நேரம் சும்மா இரு. அவள் எதையாவது அதற்குள் வைத்துப் பூட்டியிருப்பாள். அந்தக் கீரைக்காரியும், ரப்பர் பேண்ட் கட்டியவரும்கூட. யாருடைய எண்ணையாவது ஒன்றை மனப்பாடம் செய். நீ ஒருநாள் கல்யாணம் செய்துகொண்டால் அவளுடையதை. எனக்குக் குரல் அனுப்பினால் நான் முழு வேகத்தில்கூடக் கேட்கமாட்டேன், மெதுவாக்கித்தான் கேட்பேன், அதற்கும் ஒரு வசதி இருக்கிறது, நானே கண்டுபிடித்தேன்.

என்னைப் பற்றி: கேமரா வைக்க வேண்டி வந்தால், எனக்குப் புரியும் நாளிலேயே கேட்டுவிட்டு வை. என் போனை வாங்கி நீயே எல்லாவற்றையும் ஒழுங்குபடுத்திவிடாதே. அதில் குப்பையாக இருப்பது எனக்கு வழி. நான் லாத்தாவைக் கேட்டால் என்ன சொல்ல வேண்டும் என்று இங்கே எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன். உண்மையைச் சொல் என்று எழுதினேன், அடித்தேன். கடைக்குப் போயிருக்கிறாள் என்று சொல் என்று எழுதினேன், அதையும் அடித்தேன். அடித்த கோடுகள் உனக்குத் தெரியும், பேனா எதையும் மறைப்பதில்லை. அந்த முடிவு உன்னிடம் வந்துவிடும். அதை உன் தலையில் வைக்கிறேனே என்பதுதான் எல்லாவற்றையும்விடப் பெரிய பயம்.

நைரோபி பற்றி நான் எதுவும் சொல்லமாட்டேன். போ என்றால் தியாகம் மாதிரி இருக்கும். போகாதே என்றால் நீ உடனே சரி என்பாய். வியாழக்கிழமை காலை என்னோடு வா. அந்த நாற்காலியில் என் பக்கத்தில் உட்கார். நான் தவறாகச் சொன்னால் தவறு என்று சொல். என் முகத்தைப் பார்க்காமல் சொல்லிவிடு. அதற்கு அப்பால் இருப்பதை நாம் பஸ்ஸில் திரும்பி வரும்போது பேசலாம்.

இந்தக் கடைசிப் பத்தியை நீ படித்த பிறகு சேர்க்கிறேன். கடிதத்தை எழுதி முடித்தபோது நீ வெளியே போயிருந்தாய், நண்பர்களோடு பந்து விளையாட. காகிதங்களை மடித்து எடுத்துக்கொண்டு லிஃப்டில் இறங்கி, புளோக்கின் கீழே கல் பெஞ்சில் உட்கார்ந்தேன். நீ வியர்வையோடு வந்தாய். "என்ன உம்மா, இங்க?" என்றாய். கொடுத்தேன். நீ நின்றுகொண்டே படிக்க ஆரம்பித்து, இரண்டாவது பக்கத்தில் உட்கார்ந்தாய். எழுந்து போகலாம் என்று இருந்தது. போகவில்லை. நீ கடைசிப் பக்கத்துக்கு வரும்வரை பக்கத்திலேயே இருந்தேன்.